எண்ணிக்கை தவறாத நடை

மலைப்பாதையில் நெடுந்தூரம் நடந்தவர்கள் ஓர் உண்மையை அறிவார்கள். கால்கள் ஓய்ந்து நிற்பதற்கு வெகுநேரம் முன்பாகவே மனம் ஓய்ந்துவிடுகிறது. பாதையின் அழகு முதலில் கண்ணிலிருந்து மறைகிறது. பிறகு உடன் வருபவரின் பேச்சு சுமையாகிறது. அதன்பின் எதற்காகப் புறப்பட்டோம் என்பதே மங்கிப் போகிறது. கேதாரம், பத்ரி, கயிலை என்று யாத்திரை சென்று வந்த அன்பர்கள் பலருக்கும் இது அனுபவம். உடல் களைத்துச் சோரும் வேளையில் மனத்தை எவ்வாறு விழிப்புடன் வைத்திருப்பது என்ற கேள்விக்குத் தம் கால்களாலேயே விடை எழுதியவர் பண்டித நயின் சிங் ராவத். பத்தொன்பதாம் நூற்றாண்டில் திபெத்தின் குறுக்கே பல்லாயிரம் மைல் நடந்து, அந்நாட்டின் வரைபடத்தை உலகுக்குத் தந்த பள்ளி ஆசிரியர் அவர்.

மலை வளர்த்த மைந்தர்

இன்றைய உத்தராகண்ட் மாநிலத்தில், குமாவுன் மலைப்பகுதியின் ஜோஹார் பள்ளத்தாக்கில், மிலம் என்ற சிற்றூரில் 1830-ஆம் ஆண்டு நயின் சிங் பிறந்தார். பெரும் பனியாறு ஒன்றின் அடியில் அமைந்த ஊர் அது. அங்கு வாழ்ந்த போட்டியா மக்கள் தலைமுறை தலைமுறையாகத் திபெத்துடன் வாணிபம் செய்தவர்கள். ஆடுகளின் முதுகில் தானியத்தை ஏற்றிக் கணவாய்களைக் கடந்து சென்று, உப்பும் கம்பளியும் கொண்டு திரும்புவார்கள். கோடையில் மேல்மலை, குளிர்காலத்தில் தாழ்நிலம் என்று ஆண்டு முழுவதும் நடையிலேயே கழியும் வாழ்க்கை. திபெத்திய மொழியும் பழக்கவழக்கங்களும் நயின் சிங்குக்கு இளமையிலேயே கைவந்தன.

1855 முதல் 1857 வரை ஷ்லாகின்ட்வைட் சகோதரர்கள் என்ற ஜெர்மானிய அறிஞர்கள் இமயப் பகுதியை ஆராய்ந்தபோது, நயின் சிங் அவர்களுடன் பயணம் செய்தார். அறிவியல் கருவிகளைக் கையாளும் பழக்கம் அப்போது தொடங்கியது. பின்னர் 1858 முதல் 1863 வரை மிலத்தில் பள்ளி ஆசிரியராகப் பணியாற்றினார். பண்டிதர் என்ற அடைமொழி அந்தப் பணியால் வந்தது. இறுதிவரை அவருடன் நிலைத்தது.

அக்காலத்தில் இந்தியாவை அளக்கும் மாபெரும் பணி ஒன்று நடந்துகொண்டிருந்தது. 1802-இல் சென்னைப் பரங்கிமலையருகே வில்லியம் லாம்டன் அளந்த அடிக்கோட்டிலிருந்து தொடங்கிய முக்கோண நில அளவை, இமயத்தின் அடிவாரம் வரை வந்துவிட்டது. அதற்கு அப்பால் வரைபடம் வெறுமையாக இருந்தது. திபெத் அந்நியர்களுக்கு வாயிலை மூடியிருந்தது. ஐரோப்பியர் எவரும் உயிருடன் அளந்து திரும்ப இயலாத நிலை. மலைவாழ் இந்தியர்களைப் பயிற்றுவித்து, வணிகர்களாகவும் யாத்ரிகர்களாகவும் அனுப்பலாம் என்று அளவைத் துறை அதிகாரி மான்ட்கோமரி எண்ணினார். 1863-இல் நயின் சிங்கும் அவருடைய உறவினர் மணி சிங்கும் தேர்ந்தெடுக்கப்பட்டு டேராடூனுக்கு அழைத்து வரப்பட்டனர்.

அளவுகோலாக மாறிய உடல்

டேராடூனில் ஏறக்குறைய இரண்டு ஆண்டுகள் பயிற்சி நடந்தது. செக்ஸ்டண்ட் என்ற கோணமானியால் சூரியனையும் விண்மீன்களையும் நோக்கி ஓர் இடத்தின் அட்சரேகையைக் கணிப்பது, திசைகாட்டியால் பாதையின் போக்கைக் குறிப்பது, நீர் கொதிக்கும் வெப்பநிலையைக் கொண்டு உயரத்தை அறிவது ஆகியவை கற்பிக்கப்பட்டன. இவற்றினும் கடினமான பாடம் ஒன்று இருந்தது. தூரத்தை அளக்கச் சங்கிலியோ சக்கரமோ கொண்டு செல்ல முடியாது. ஆகவே நடப்பவரின் உடலே அளவுகோலாக வேண்டும். ஏற்றம், இறக்கம், சமவெளி எதுவாயினும் காலடியின் நீளம் மாறாமல் நடக்க நயின் சிங் பழக்கப்படுத்தப்பட்டார். இரண்டாயிரம் காலடிகளுக்கு ஒரு மைல் என்பது கணக்கு.

எண்ணிக்கையைக் காக்க ஒரு ஜபமாலை தரப்பட்டது. மரபுப்படி அமைய வேண்டிய 108 மணிகளுக்குப் பதிலாக அதில் 100 மணிகளே இருந்தன. நூறு காலடிக்கு ஒரு மணி நகரும். ஒவ்வொரு பத்தாவது மணியும் சற்றுப் பெரியது. அது விரலில் தட்டுப்பட்டால் ஆயிரம் காலடி நிறைந்தது என்று பொருள். மாலை ஒருமுறை சுற்றி வந்தால் பத்தாயிரம் காலடிகள், அதாவது ஐந்து மைல். பௌத்தர்கள் கையில் சுழற்றும் பிரார்த்தனைச் சக்கரமும் அவரிடம் இருந்தது. மந்திரம் எழுதிய சுருள் இருக்க வேண்டிய இடத்தில் அளவைக் குறிப்புகள் எழுதிய தாள்கள் இருந்தன. பாதரசம் சோழிகளுக்குள் அடைக்கப்பட்டது. பெட்டியின் இரகசிய அடித்தட்டில் செக்ஸ்டண்ட் ஒளிந்திருந்தது. வழியில் யாரேனும் பேச்சுக் கொடுக்க நெருங்கினால், அவர் சக்கரத்தைச் சுழற்றியபடி ஜபத்தில் ஆழ்ந்தவர்போல் நடப்பார். பக்தரின் தியானத்தைக் கலைக்க எவரும் விரும்புவதில்லை, எண்ணிக்கையும் கலையாது.

இந்த ஏற்பாடு எளிதாகத் தோன்றலாம். ஆனால் களைப்பு என்ற ஒன்றை இதனுடன் சேர்த்துப் பார்க்கும்போதுதான் இதன் கடுமை விளங்கும்.

களைப்பு செய்யும் வேலை

நயின் சிங் நடந்த நிலப்பரப்பின் பெரும்பகுதி கடல்மட்டத்திலிருந்து நான்காயிரம் மீட்டருக்கு மேல் உயர்ந்தது. 4,500 மீட்டர் உயரத்தில் காற்றின் அழுத்தம் கடற்கரையில் உள்ளதில் பாதிக்குச் சற்றே அதிகம். ஒவ்வொரு மூச்சிலும் கிடைக்கும் பிராணவாயு அந்த அளவுக்குக் குறைந்துவிடும். குறையை ஈடுசெய்ய மூச்சு விரைகிறது, இதயம் வேகமாகத் துடிக்கிறது. பசி மந்தமாகிறது. வறண்ட குளிர்காற்றில் ஒவ்வொரு மூச்சுடனும் உடலின் நீர் வெளியேறுகிறது. தாகமோ அதற்கேற்பத் தோன்றுவதில்லை. உறக்கம் துண்டுதுண்டாகிறது. தசைகளில் சேமிக்கப்பட்ட மாவுச்சத்து தீரத் தீரக் கால்கள் கனக்கின்றன.

இவை உடலில் நிகழ்பவை. மனத்தில் நிகழ்வது இதைவிட நுட்பமானது. கவனம் குறுகுகிறது. சற்று முன் செய்தது மறந்துபோகிறது. சிறு தடையும் சினத்தை எழுப்புகிறது. முடிவெடுக்கும் ஆற்றல் தளர்கிறது; தளர்ந்துவிட்டது என்பதை உணரும் ஆற்றலும் உடன் தளர்கிறது. இத்தாலிய உடலியல் அறிஞர் ஆஞ்செலோ மோசோ 1891-இல் களைப்பைப் பற்றி ஒரு முழு நூலையே எழுதினார். விரல் தசையின் உழைப்பைப் பதிவு செய்யும் கருவி ஒன்றை அமைத்து, மூளை உழைப்பால் சோர்ந்தவரின் தசையும் விரைவில் சோர்வதை அவர் காட்டினார். உடற்களைப்பும் மனக்களைப்பும் தனித்தனியானவை அல்ல என்ற அந்த முடிவைப் பிற்கால ஆய்வுகளும் உறுதிப்படுத்தியுள்ளன. மனம் சோர்ந்திருப்பவருக்கு அதே உழைப்பு அதிகக் கடினமாகத் தோன்றுகிறது. ஆகவே அவர் விரைவில் நின்றுவிடுகிறார்.

களைத்தவர் அறியாமலே செய்யும் மற்றொரு செயல், காலடியைக் குறுக்கிக்கொள்வது. யாத்ரிகர் ஒருவருக்கு அதனால் பெரிய இழப்பில்லை. நயின் சிங்குக்கோ அது பேரிழப்பு. காலடி குறுகினால் ஒரு மைலுக்கான எண்ணிக்கை கூடும். வரைபடத்தில் பாதை பொய்யாக நீளும். மனம் அலைந்து ஒரு மணியை நகர்த்த மறந்தாலோ பாதை பொய்யாகக் குறையும். அவருடைய களைப்பு மறுநாள் உறங்கி எழுந்தால் மறையும் ஒன்றாக இருக்கவில்லை. கவனித்துத் தடுக்காவிட்டால் ஆசியாவின் வரைபடத்திலேயே பிழையாகப் படிந்துவிடக் கூடியது அது.

லாசா வரை

1865-இன் தொடக்கத்தில் இருவரும் புறப்பட்டு நேபாளம் வழியாகத் திபெத்துக்குள் நுழைய முயன்றனர். எல்லைக் காவலர்கள் அனுமதிக்கவில்லை. மணி சிங் வேறு வழியில் திரும்பினார். நயின் சிங் லடாக் வணிகரின் வேடம் பூண்டு, வழியில் ஏமாற்றங்களையும் பொருளிழப்பையும் தாங்கி, பிரம்மபுத்திரையின் மேற்பகுதியாகிய சாங்போ ஆற்றங்கரையை அடைந்தார். அங்குத் தராதோம் என்ற இடத்தில் உடல்நலமில்லை என்று கூறித் தங்கினார். லாசா செல்லும் லடாக்கிய வணிகக் கூட்டம் ஒன்று வரும்வரை பல நாட்கள் பொறுமையாகக் காத்திருந்தார்.

பகல் முழுவதும் நடந்து கூடாரம் சேர்ந்ததும் மற்றவர்கள் உண்டு உறங்குவார்கள். நயின் சிங்கின் இரண்டாவது வேலை அப்போதுதான் தொடங்கும். ஒருவரும் காணாத நேரத்தில் செக்ஸ்டண்டை எடுக்க வேண்டும். சோழியிலிருந்த பாதரசத்தை மரக்கிண்ணத்தில் ஊற்றிச் செயற்கைத் தொடுவானம் அமைக்க வேண்டும். உறைய வைக்கும் குளிரில் விரல் நடுங்காமல் விண்மீனின் கோணத்தை அளக்க வேண்டும். உடல் முற்றிலும் ஓய்வை வேண்டி நிற்கும் அந்த நேரமே அவருக்கு மிக நுண்ணிய கவனம் தேவைப்பட்ட நேரம். பகலில் கால்கள் சொன்ன கணக்கை இரவில் விண்மீன்கள் சரிபார்த்தன.

ஷிகாட்சேயில் தங்கியிருந்தபோது அங்கிருந்த நேபாள வணிகர்களுக்குக் கணக்கு எழுதும் முறையைக் கற்பித்துச் செலவுக்குப் பொருள் தேடிக்கொண்டார். டாஷிலுன்போ மடத்தில் பஞ்சன் லாமாவைத் தரிசிக்கும் குழுவுடனும் சென்றார். 1866 ஜனவரியில் லாசாவை அடைந்தார். அங்குக் காஷ்மீர வணிகர் இருவர் அவரை இன்னார் என்று கண்டுகொண்டபோதிலும் காட்டிக்கொடுக்கவில்லை. அனுமதியின்றி நகருக்குள் வந்த சீனர் ஒருவர் தலை வெட்டப்பட்டதை நேரில் கண்டபின், அவர் வெளியே நடமாடுவதையே குறைத்துக்கொண்டார். ஏப்ரலில் லாசாவை விட்டுப் புறப்பட்டு, சாங்போவின் கரையோடு மேற்கே நடந்து, மானசரோவரம் வழியாகத் திரும்பி, 1866 அக்டோபர் இறுதியில் டேராடூன் சேர்ந்தார்.

அவர் காலடியால் அளந்த பாதை ஏறத்தாழ 1,200 மைல். கணக்கிட்டால் சுமார் 24 லட்சம் காலடிகள். லாசாவின் அட்சரேகையாக அவர் குறித்து வந்தது, இன்றைய நுண்கருவிகள் காட்டும் நிலையோடு மிக நெருங்கி நிற்கிறது.

தோக் ஜாலுங்கின் குளிர்

1867-இல் நயின் சிங், மணி சிங், கல்யாண் சிங் ஆகிய மூவரும் பத்ரிநாத்துக்கு அப்பாலுள்ள மானா கணவாயைக் கடந்து மேற்குத் திபெத்துக்குச் சென்றனர். அங்கு, ஏறத்தாழ 5,000 மீட்டர் உயரத்தில், தோக் ஜாலுங் என்ற தங்கச் சுரங்கக் களம் இருந்தது. ஆகஸ்ட் மாத இறுதியிலும் காற்று வெட்டியது. தம் பயணங்களில் வேறெங்கும் அத்தகைய குளிரை நயின் சிங் உணர்ந்ததில்லை. காற்றுக்கு அஞ்சி, தரைமட்டத்துக்குக் கீழே குழி தோண்டி அதனுள் சடைஎருமை மயிரால் நெய்த கருங்கூடாரங்களை அமைத்துத் தொழிலாளர்கள் வாழ்ந்தனர்.

அவர்கள் உறங்கிய விதம் நயின் சிங்கின் கவனத்தை ஈர்த்தது. முழங்கால்களைத் தலையோடு சேர்த்து, முழங்கால்களும் முழங்கைகளும் தரையில் ஊன்ற, இருந்த ஆடைகள் அனைத்தையும் முதுகின்மேல் குவித்துக்கொண்டு குனிந்தவாறே அவர்கள் உறங்கினர். உடலின் மிகச் சிறிய பகுதியே குளிர்ந்த தரையைத் தொட வேண்டும், வெப்பம் எங்கும் வீணாகக் கூடாது என்பதே அதன் நோக்கம். பகலில் உழைத்த உடல் இரவில் வெப்பத்தையும் இழந்தால் மறுநாள் எழாது. கல்வி அறியாத அந்த உழைப்பாளிகள் அனுபவத்தால் இதை உணர்ந்திருந்தனர். தங்கத்தின் விளைச்சலையும் விலையையும் குறித்துவரச் சென்ற நயின் சிங், அதைத் தோண்டுபவர்களின் உடற்பாட்டையும் குறித்து வந்தார்.

இருபத்தாறு ஆடுகள்

1874 ஜூலை 15 அன்று லேயிலிருந்து தொடங்கியது அவருடைய கடைசிப் பெரும்பயணம். அப்போது அவருக்கு வயது நாற்பத்து மூன்று. முன்பு சென்ற ஆற்றங்கரைப் பாதையைவிட வெகு வடக்கே, சாங்டாங் என்ற ஆளரவமற்ற உயர்சமவெளியின் வழியே இம்முறை லாசாவுக்குச் செல்ல வேண்டியிருந்தது. குதிரையும் கழுதையும் அங்குத் தீவனமின்றி மடியும். ஆகவே சுமை தூக்க இருபத்தாறு ஆடுகளைச் சேர்த்துக்கொண்டார். ஒவ்வோர் ஆட்டின் முதுகிலும் பத்துக் கிலோ அளவுக்குச் சுமை. வழியில் தாமே மேய்ந்து கிடைத்ததை உண்டு அவை நடந்தன. நாலைந்து மாதங்களில் ஆயிரம் மைலைக் கடந்து லாசா சேர்ந்தபோது, தொடக்கம் முதல் நடந்தவற்றுள் நான்கைந்தே எஞ்சியிருந்தன.

இந்த எண்ணிக்கை அந்தப் பாதையின் இயல்பை நன்கு காட்டுகிறது. ஒரே காற்று, ஒரே குளிர், ஒரே தொலைவு. ஆடுகளுக்கு நடந்தால் போதும். அவற்றோடு நடந்த மனிதரோ ஒவ்வொரு நூறாவது காலடியிலும் ஒரு மணியை நகர்த்தியாக வேண்டும்; ஏரிகளையும் சிகரங்களையும் திசையோடு குறித்தாக வேண்டும்; ஒருபோதும் வேடம் கலையாமல் பேசியாக வேண்டும். பெரும் ஏரிகளின் தொடர் ஒன்றையும், பிரம்மபுத்திரைக்கு வடக்கே செல்லும் பெரும் மலைத்தொடர் ஒன்றையும் அப்பயணம் வரைபடத்தில் சேர்த்தது.

நவம்பர் 18 அன்று லாசாவை அடைந்தார். முன்பே அறிந்த வணிகர் ஒருவர் எதிர்ப்படவே, வெளிப்பட்டுவிடுவோம் என்று அஞ்சி இரண்டே நாளில் அங்கிருந்து வெளியேறினார். மாதக்கணக்கில் நடந்து களைத்த உடலுக்கு வேண்டியிருந்த ஓய்வு அங்கும் கிடைக்கவில்லை. அதுவரை எடுத்த அளவைக் குறிப்புகளை நம்பிக்கையான இருவரிடம் கொடுத்து லேக்கு அனுப்பிவிட்டுத் தெற்கே திரும்பினார். தவாங்கில் அதிகாரிகள் அவரை டிசம்பர் இறுதியிலிருந்து பிப்ரவரி வரை தடுத்து வைத்தனர். 1875 மார்ச் 1 அன்று அஸ்ஸாமின் உதல்குரியை அடைந்தார். அப்பயணத்தில் கடந்த வழி 1,300 மைலுக்கும் அதிகம்.

உடல் செலுத்திய விலை

அதன்பின் அவர் நெடும்பயணம் மேற்கொள்ளவில்லை. பல ஆண்டுக் கடும் நடையும் குளிரும் உடலைத் தளர்த்தியிருந்தன. பனியில் பட்டுத் திரும்பும் ஒளியும், சூரியனையும் விண்மீன்களையும் இடையறாது நோக்கிய வேலையும் கண்பார்வையைக் குன்றச் செய்துவிட்டன. இலண்டனில் உள்ள ராயல் புவியியல் கழகம் 1877-இல் தங்கப் பதக்கம் வழங்கியது. அரசு ரோஹில்கண்டில் ஒரு கிராமத்தின் வருவாயை அவருக்கு அளித்தது. இளைய அளவையாளர்களுக்குப் பயிற்சி அளித்தார். பத்தொன்பதாம் நூற்றாண்டு முடிவதற்குள் மறைந்தார். 2004 ஜூன் மாதத்தில் இந்திய அஞ்சல் துறை அவர் நினைவாக அஞ்சல்தலை வெளியிட்டது.

அவருடைய உழைப்பின் பயனை முதலில் பெற்றது அன்றைய அந்நிய ஆட்சி. பிற நாட்டின் சட்டத்தை மீறி வேடமிட்டுச் சென்றதும் உண்மை. இவற்றை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் கையில் எடுத்த செயலில் பொய்யை அனுமதிக்காத நேர்மை அவரிடம் இருந்தது. நடக்காத மைலை நடந்ததாகவோ, எண்ணாத காலடியை எண்ணியதாகவோ எழுதியிருந்தால் அப்போது கண்டுபிடிப்பார் எவரும் இல்லை. சோர்வு மிகும்போது இத்தகைய தூண்டுதல் எழாத மனம் அரிது. பிற்காலத்தில் சென்ற ஆய்வாளர்களின் அளவைகள் அவர் எழுதியதன் நம்பகத்தன்மையை நிலைநாட்டின.

அவருடைய மாலை வேடத்தின் ஒரு பகுதி. அதில் எட்டு மணிகள் குறைவு. ஜபத்துக்காக அமைந்ததும் அன்று. ஆயினும் ஜபமாலை எதற்காக ஏற்பட்டதோ அந்த வேலையை அது செய்தது. அலைபாயும் மனத்தை மீண்டும் மீண்டும் விரல்நுனியில் உள்ள ஒரு மணிக்கு அழைத்து வந்தது. எஞ்சியுள்ள ஆயிரம் மைலை நினைத்தால் களைத்த மனம் துவண்டுவிடும். அடுத்த நூறு காலடி என்பது எந்த மனத்தாலும் தாங்கக்கூடிய அளவு. மாறாத காலடியும் அவ்வாறே உதவியது. உற்சாகம் மிகுந்த காலையில் அது அவரை ஓடவிடவில்லை, சோர்ந்த மாலையில் தயங்கவிடவில்லை.

இதைக் கொண்டு உடலை எவ்வளவும் வருத்தலாம் என்று முடிவு செய்வது தவறாகும். பொருத்தமான கூட்டம் வரும்வரை நாட்கணக்கில் காத்திருக்கவும், ஆபத்தை உணர்ந்தவுடன் விலகவும் நயின் சிங் அறிந்திருந்தார். அப்படியும் அவருடைய கண்கள் விலை கொடுத்தன. இன்று மலைத்தலங்களுக்குச் செல்லும் அன்பர்கள் மெல்ல ஏறுவதும், இடையிடையே தங்கி உடலை உயரத்துக்குப் பழக்குவதும், தாகம் தோன்றாவிடினும் நீர் அருந்துவதும், தலைவலியும் தடுமாற்றமும் தோன்றினால் தயங்காமல் கீழிறங்குவதும் இன்றியமையாதவை. தரிசனத்துக்கு இன்னும் சிறிது தூரமே என்று களைத்த மனம் கூறும் சொல்லை அப்போது நம்பக் கூடாது. உடன் வருபவர்களின் கண்ணால் தம்மைப் பார்த்துக்கொள்வதே நல்லது.

வாழ்க்கையில் பலருடைய ஏற்றங்கள் மலையில் இல்லை. நோயுற்ற பெற்றோரை இரவெல்லாம் பேணுபவருக்கும், நாள் முழுதும் வெயிலில் உழைப்பவருக்கும், ஆண்டுகளாகச் சாதனை செய்தும் வறட்சியையே உணரும் சாதகருக்கும் களைப்பு அதே முறையில்தான் வருகிறது. முதலில் கவனத்தைத் தொடுகிறது, பிறகு பொறுமையை, அதன்பின் நோக்கத்தை. அந்த வேளையில் இயன்றபோது ஓய்வு கொள்ளலாம். ஓய்வுக்கு இடமில்லாதபோது, அடுத்த நூறு காலடியைப் பிசகாமல் எண்ணி நடக்கலாம். மிலத்தின் பள்ளி ஆசிரியர் 24 லட்சம் காலடிகளை அவ்வாறுதான் கடந்தார்.